ஈட்டி எறிந்த பாடகர்

ஒரு மனிதர்மீது ஒரு நாட்டு மக்கள் வைத்த அன்பு அவருக்கு எந்த எல்லை வரை துணை வரும்? மேடையில் வரும், திரையில் வரும், தெருவில் நடந்தால் பின்னாலேயே வரும். மறைந்த பிறகு சிலையாகவும் வரும். ஆனால் தலையில் காயத்தோடு, கால் தள்ளாட, நாத் தடுமாற, யாரோ ஒருவராய் அவர் வந்து நிற்கும் நாளில் அந்த அன்பு எங்கே போய் விடுகிறது?

இவ்வினாவை நம்முள் எழுப்பியவர் தாப்பியோ ரௌத்தவாரா என்னும் பின்லாந்து நாட்டுக் கலைஞர். 1915 மார்ச் 8ஆம் நாள் பிறந்து, 1979 செப்டம்பர் 25ஆம் நாள் மறைந்தவர். ஈட்டி எறிதலில் ஒலிம்பிக் தங்கம் வென்றவர். வில்வித்தையில் உலகப் பட்டம் பெற்ற அணியில் இடம்பெற்றவர். இருபதுக்கும் மேற்பட்ட திரைப்படங்களில் நடித்தவர். முந்நூறு அளவிலான பாடல்களை இசைத்தட்டுகளில் பதிந்து விட்டுச் சென்றவர். இவற்றுள் ஏதேனும் ஒன்று போதும், ஒருவர் பெயர் நிலைப்பதற்கு. இவை அனைத்தும் ஒரே மனிதரிடம் கூடியிருந்தன என்பது வியப்பு. அதனினும் பெரிய வியப்பு, இவ்வளவும் பெற்றிருந்த மனிதரை அவருடைய மக்கள் ஒருபோதும் எட்டாத உயரத்தில் வைத்துப் பார்க்கவில்லை என்பதே. தம் வீட்டுத் திண்ணையில் வந்தமர்ந்து பேசும் அண்ணனைப் போலவே அவரைக் கொண்டாடினர்.

இசையைப் பற்றி நம் சமுதாயத்தில் நெடுங்காலமாக நிலவி வரும் கருத்து வேறுபாடுகளை நாம் அறிவோம். அவ்வழக்கை இங்கே எடுத்துப் பேசுவது நமது நோக்கமன்று. ஒரு மனிதரின் வாழ்வையும், அவர் குரலில் ஒரு மக்கள் கூட்டம் தன்னைக் கண்டுகொண்ட விதத்தையும், அவர் முடிவில் நமக்கிருக்கும் பாடத்தையும் சொல்வதே நோக்கம். பின்னிய மொழி நமக்குத் தெரியாது. பாடல்களின் பொருளை மொழிபெயர்ப்புகளின் துணையால் அறிந்து, அதன் பின்னரே குரலைக் கேட்டோம். ஆழமான குரல். அவசரமே அறியாத குரல். நெடுந்தொலைவு நடந்து வந்தவர் மூட்டையை இறக்கி வைத்துவிட்டு, ஒரு மிடறு தண்ணீர் அருந்திய பின் கதை சொல்லத் தொடங்குவதைப் போன்ற குரல். மொழி தெரியாதவருக்கும் அக்குரல் ஏதோ ஒன்றைச் சொல்லத்தான் செய்கிறது.

பின்லாந்து, ஐரோப்பாவின் வடகோடியில் காடுகளும் ஏரிகளும் நிறைந்த குளிர்நாடு. மக்கள்தொகை இன்றும் ஐம்பத்தாறு இலட்சம் அளவுதான். நம் வாசகர்களுக்கு அது முற்றிலும் அயலான மண் அன்று. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் உருசியாவின் உட்பகுதிகளிலிருந்து துணியும் தோலும் விற்க வந்த தாத்தாரிய முஸ்லிம் வணிகர்கள் அங்கேயே குடியமர்ந்தனர். சமயச் சுதந்திரச் சட்டம் நடைமுறைக்கு வந்த பின், 1925இல் தங்கள் ஜமாஅத்தை முறையாகப் பதிவு செய்து கொண்டனர். எண்ணிக்கையில் ஆயிரத்தைத் தாண்டாத அச்சிறு சமூகம், தன் மொழியையும் மார்க்கத்தையும் இழக்காமல் அந்நாட்டின் குடிமக்களாய்த் தழைத்தது. 1939இல் மூண்ட போரில் அவர்களின் இளைஞர்களும் ஏனையோரோடு தோள் சேர்ந்து நின்றனர். ஆகவே நாம் பேசப்போகும் குளிரையும் போரையும் பசியையும் தொழுகை விரிப்பில் நெற்றி பதித்த சிலரும் அனுபவித்திருக்கின்றனர் என்பதை நினைவில் கொள்வோம்.

ரௌத்தவாரா வளர்ந்தது தலைநகர் ஹெல்சிங்கியை ஒட்டிய ஔலுன்கூலா என்னும் பகுதியில்; வறுமை சூழ்ந்த தொழிலாளர் குடும்பச் சூழலில். உடல் உழைப்பே முதலீடாகக் கொண்டு வாழ்ந்த மக்களின் பிள்ளை அவர். அந்நாட்டில் 1918ஆம் ஆண்டு ஓர் உள்நாட்டுப் போர் நடந்தது. செல்வரும் நிலவுடைமையாளரும் ஒருபுறம், தொழிலாளரும் நிலமற்றோரும் மறுபுறம். அப்பிளவு கல்லறைகளோடு முடியவில்லை. விளையாட்டுத் திடலையும் அது இரண்டாக வெட்டியது. 1919இல் தொழிலாளர்கள் தங்களுக்கெனத் தனி விளையாட்டுக் கூட்டமைப்பு ஒன்றை நிறுவிக் கொண்டனர். ஒரே ஊரில் இரு சங்கங்கள். ஒரே ஓட்டத்துக்கு இரு பந்தயங்கள்! ரௌத்தவாரா தொழிலாளர் அணியைச் சேர்ந்தவர். அவர் கையில் ஏந்திய ஈட்டி எண்ணூறு கிராம் எடைதான். ஆயினும் அதன்மீது ஏறியிருந்த வரலாற்றின் எடை சிறிதன்று.

ஈட்டி எறிதல் பின்லாந்து மக்களின் பெருமைக்குரிய ஆட்டம். 1920, 1924 ஒலிம்பிக் போட்டிகளில் யோன்னி மியூராவும், 1932இல் மத்தி யார்வினெனும் அந்நாட்டுக்குத் தங்கம் ஈட்டித் தந்தனர். அவ்வழியில் வந்த இளைஞருக்குக் காலம் துணை நிற்கவில்லை. 1940ஆம் ஆண்டின் ஒலிம்பிக் ஹெல்சிங்கியிலேயே நடப்பதாய் இருந்தது. அப்போது அவருக்கு வயது இருபத்தைந்து. தோளில் வலு முற்றிய வயது. போர் வந்தது, போட்டி நின்றது. 1944ஆம் ஆண்டின் போட்டியும் போரில் மறைந்தது. ஒரு வீரனின் வாழ்வில் எட்டு ஆண்டுகள் என்பது எத்துணைப் பெரிய இழப்பு! மலர வேண்டிய பருவத்தில் பூவின்மீது உறைபனி விழுந்தது போன்றதன்றோ அது!

ஆயினும் அவர் ஈட்டியைக் கீழே வைத்துவிடவில்லை. 1946இல் ஓஸ்லோவில் நடந்த ஐரோப்பியப் போட்டியில் வெண்கலம் பெற்றார். 1948 ஆகஸ்டில், முப்பத்து மூன்றாம் வயதில், இலண்டன் வெம்பிளி திடலில் அவர் எறிந்த ஈட்டி 69.77 மீட்டர் தொலைவில் மண்ணைத் தைத்தது. இரண்டாவதாக வந்த அமெரிக்கர் ஸ்டீவ் சீமோர் இரண்டு மீட்டருக்கும் மேல் பின்தங்கியிருந்தார். தங்கம் பின்லாந்துக்கு வந்தது. செல்வர் கட்சி, தொழிலாளர் கட்சி என்ற பேதமின்றி நாடு முழுவதும் மகிழ்ந்தது. பத்தாண்டுகள் கழித்து, 1958இல் பிரசல்சு நகரில் நடந்த உலக வில்வித்தைப் போட்டியில் வென்ற பின்லாந்து அணியிலும் அவர் இருந்தார். தோள் தளரும் வயதில் ஈட்டியை விட்டுவிட்டு வில்லை எடுத்தவர்!

இனி அவர் பாடகரான கதைக்கு வருவோம். 1941 முதல் 1944 வரை பின்லாந்து சோவியத் ஒன்றியத்தோடு இரண்டாம் முறையாகப் போரிட்டது. போர்முனையிலிருந்த வீரர்களுக்காக ஔனுஸ் வானொலி என்ற ஒலிபரப்பு நிலையம் இயங்கியது. அங்கே பணியாற்றியபோதுதான் ரௌத்தவாராவின் குரல் முதன்முதலாக நாடெங்கும் அறிமுகமாயிற்று. பதுங்கு குழிகளில் ஈரக் காலணிகளோடு அமர்ந்திருந்தவர்களுக்கு அக்குரல் வீட்டை நினைவூட்டியது. போர் முடிந்த 1945இல் ‘உனக்காக மட்டும்’ என்று பொருள்படும் தலைப்புக் கொண்ட திரைப்படத்தின் வாயிலாக நடிப்புத் துறையிலும் அடியெடுத்து வைத்தார். உயர்ந்த உருவம்; அகன்ற தோள்; எளிய முகம். நாடோடியாகவும், மரம் வெட்டும் காட்டுத் தொழிலாளியாகவும் திரையில் அவர் தோன்றியபோது, அது வேடம் என்றே மக்களுக்குத் தோன்றவில்லை.

அவருடைய புகழில் பெரும்பங்கு ரெய்னோ ஹெலிஸ்மா என்ற பாடலாசிரியரைச் சாரும். 1913இல் பிறந்து 1965இல் மறைந்த ஹெலிஸ்மா, எளிய சொற்களில் கதை சொல்லும் வல்லமை படைத்தவர். ஹெலிஸ்மாவும் ரௌத்தவாராவும், எசா பக்கரினென் என்ற நகைச்சுவைக் கலைஞரும் சேர்ந்து நாற்பதுகளின் இறுதியிலும் ஐம்பதுகளின் தொடக்கத்திலும் நாடு முழுவதும் சுற்றினர். சிற்றூர்களின் கூடங்களிலே பாடினர். மக்களைச் சிரிக்க வைத்தனர். அடுத்த ஊருக்குப் புறப்பட்டனர். அப்பாடல்களின் நாயகன் பெரும்பாலும் ஒரு நாடோடி. வீடில்லை, நிலமில்லை, சேர்த்து வைத்த பொருளில்லை. கால் போன வழியே நடப்பவன். ஆயினும் மனத்தில் கசப்பில்லாதவன்.

இந்த நாடோடியை மக்கள் ஏன் அவ்வளவு நேசித்தனர்? விடை அந்நாட்டின் வரலாற்றிலேயே இருக்கிறது. போரில் தோற்ற பின்லாந்து, கரேலியா என்ற கிழக்குப் பகுதியின் பெரும்பரப்பைச் சோவியத் ஒன்றியத்திடம் ஒப்படைக்க நேர்ந்தது. அங்கே வாழ்ந்த நான்கு இலட்சத்துக்கும் மேற்பட்ட மக்கள் வீடு, வயல், முன்னோர் அடக்கமான இடுகாடு அனைத்தையும் விட்டுவிட்டு மேற்கே வந்து சேர்ந்தனர். நாற்பது இலட்சத்தையும் எட்டாத மக்கள்தொகை கொண்ட நாட்டில் ஏறக்குறைய ஒன்பதில் ஒருவர் வீடிழந்தவர்! வென்ற நாட்டுக்கு முப்பது கோடி டாலர் மதிப்புள்ள பொருள்களை இழப்பீடாகச் செலுத்தும் சுமை வேறு; 1952இல்தான் அது தீர்ந்தது. அத்தகைய ஆண்டுகளில், வீடில்லாதவனும் மனிதன்தான், அவனுக்கும் பாட்டு உண்டு என்று ஒரு குரல் சொல்லுமானால், அக்குரலை மக்கள் நெஞ்சில் வைத்துக் கொள்ளாமல் என்ன செய்வர்?

அப்பாடல்களுள் ஒன்றின் பெயர் ‘வழிப்போக்கனும் பூனையும்’ என்பது. போக்கிடமற்ற மனிதன் ஒருவனும் போக்கிடமற்ற பூனை ஒன்றும் வழியிலே சந்தித்து ஒருவருக்கொருவர் துணையாவதே அதன் கதை. பெரிய தத்துவம் எதுவும் அதில் இல்லை. குளிரில் இரண்டு உயிர்கள். ஒன்றுக்கு மற்றது கதகதப்பு. இதனை அறிந்தபோது நம் நினைவு எங்கே சென்றிருக்கும் என்பதை வாசகர்கள் ஊகித்திருப்பர். பெருமானார் (ஸல்) அவர்களின் அருமைத் தோழர் ஒருவர் வரலாற்றில் ‘பூனைக்குட்டியின் தந்தை’ என்ற அன்புப் பெயராலேயே அறியப்படுகிறார். அபூஹுரைரா (ரலி) அவர்களுக்குப் பெற்றோர் இட்ட பெயரைக் கேட்டால் நம்மில் பலர் விழிப்போம். பூனைக்குட்டி தந்த பெயரோ உலகம் உள்ளளவும் நிலைக்கும். வாயில்லா ஓர் உயிரைப் பரிவோடு அணைத்துக் கொள்வது ஒரு மனிதரின் அடையாளமாகவே ஆகிவிட முடியும் என்பதற்கு இதனினும் வேறு சான்று வேண்டுமோ?

மற்றொரு பாடல் ஒரு மாயக்கதை. மாலை மங்கும் வேளையில், திரும்பிச் செல்லத் தாமதித்த ஒரு கதிரொளியும், இருட்டிலே வாழும் காட்டுப் பூதம் ஒன்றும் சந்தித்துக் கொள்கின்றன. பூதம் தன் வாழ்வில் இத்துணை அழகைக் கண்டதில்லை. தன்னோடு தங்கிவிடுமாறு கதிரொளியை வேண்டுகிறது. இருளில் தங்கினால் கதிரொளி மாய்ந்துவிடும். வெளிச்சத்துக்குச் சென்றால் பூதத்தின் கண் கூசும். கதிரொளி பிரிந்து செல்கிறது. தனித்து நிற்கும் பூதம், ஏன் ஒருவர் ஒளியின் பிள்ளையாகவும் மற்றொருவர் இருளின் பிள்ளையாகவும் படைக்கப்பட்டனர் என்று வியந்து கொண்டே இருக்கிறது. ஹெலிஸ்மா எழுதிய இப்பாடலை 1949இல் ரௌத்தவாரா பதிந்தார். குழந்தைகளுக்கு இது கதை. பெரியவர்களுக்கோ, சேர முடியாமற்போன எதையெதையோ நினைவூட்டும் கண்ணீர். பூதத்தை ஏளனம் செய்யாத பாடல் இது என்பதையும் நாம் குறித்துக் கொண்டோம். இருட்டில் பிறந்ததற்காக அதனைப் பழிக்கவில்லை. அதன் ஆசையை எள்ளவில்லை. அதற்கும் ஓர் உள்ளம் உண்டு என்றே பாடுகிறது.

இத்தகைய பாடல்களைக் கற்றோர் உலகம் எவ்வாறு வரவேற்றது? முகம் சுளித்தது! 1951இல் வெளியான ஒரு திரைப்படத்தின் பாட்டில் வந்த பொருளற்ற ஒலிச்சொல் ஒன்றைப் பிடித்துக் கொண்டு, ஹெலிஸ்மாவும் அவரைச் சேர்ந்தோரும் தந்த கேளிக்கை அனைத்துக்கும் ‘ரில்லுமறெய்’ என்ற பெயரைச் சூட்டினர். தரமற்றது, பாமரரை மேலும் பாமரராக்குவது என்று ஏடுகளில் எழுதினர். மக்களோ கொட்டகைகளை நிரப்பினர். உழைத்துக் களைத்தவனின் சிரிப்பைப் பார்த்து, படித்தவன் அடையும் எரிச்சல் எல்லா நாட்டிலும் உண்டு போலும்!

ஆனால் அதே காலத்தில் நடந்த இன்னொன்றையும் சொல்ல வேண்டும். மர்த்தி ஹாவியோ என்பவர் நாட்டார் வழக்காற்றியலில் பேரறிஞர், பி. முஸ்தாப்பா என்ற புனைபெயரில் கவிதையும் எழுதியவர். அவருடைய கவிதை ஒன்றுக்கு ரௌத்தவாராவே இசையமைத்து ‘நீலக் கனவு’ என்ற தாலாட்டைப் பாடினார். விளக்கணைந்த பின் வீடு தேடி வந்து பிள்ளைகளுக்கு உறக்கத்தைக் கொணரும் ஒரு சின்னஞ்சிறு மனிதனைப் பற்றிய பாட்டு அது. பேராசிரியரின் சொல்லும் தொழிலாளியின் குரலும் ஒரு தொட்டிலின் அருகே ஒன்றாகி நின்றன. பிளவுகள் எல்லாம் நாம் உண்டாக்கியவையே என்பதை உறங்கும் குழந்தைகள் அறிவார்கள் போலும். இன்றும் அந்நாட்டுத் தாய்மார் அதனைப் பாடுகின்றனர்.

இம்மையில் ஒரு முஸாபிரைப் போல வாழுமாறு நமக்குக் கற்பிக்கப்பட்டிருக்கிறது. மரநிழலில் சற்றே இளைப்பாறிவிட்டு எழுந்து செல்லும் பயணியே மனிதன் என்பது நம் சிறுவர்களும் அறிந்த பாடம். அப்பாடத்தை அறியாத ஒரு வடநாட்டுப் பாடகர், வாழ்நாள் முழுதும் வழிப்போக்கனின் பாட்டையே பாடிக்கொண்டிருந்தார். தம் நினைவுக் குறிப்புகளுக்கு அவர் வைத்த தலைப்பு, தாம் வாழ்ந்த நாள்களில் ஒன்றையேனும் வேறெதற்கும் மாற்றிக்கொள்ள மாட்டேன் என்று பொருள்படுவது. வறுமையும் போரும் எட்டாண்டு இழப்பும் அடங்கிய வாழ்வைப் பார்த்து இப்படிச் சொல்லத் துணிவது, பெற்றதற்கெல்லாம் நன்றி செலுத்தும் உள்ளத்துக்கே இயலும்.

இப்போது அந்த முடிவைச் சொல்லியாக வேண்டும். 1979 செப்டம்பரில், ஹெல்சிங்கிக்கு வடக்கே திக்குரிலா என்ற இடத்திலுள்ள நீச்சல் கூடத்தில் ரௌத்தவாரா வழுக்கி விழுந்தார். தலையில் அடிபட்டது. சிகிச்சைக்குச் சென்ற இடத்தில் காயத்தைத் தைத்தனர். அவருடைய தள்ளாட்டத்தையும் தடுமாற்றத்தையும் கண்டு, குடிமயக்கம் என்று கருதினர். மேற்கொண்டு ஆராயாமல் விட்டனர். மண்டைக்குள்ளே இரத்தம் கசிந்து கொண்டிருந்தது. அறுபத்து நான்காம் வயதில் அவர் இறந்தார். அவர் வாழ்க்கையை எழுதியோர் தரும் செய்தி இது.

தலையில் அடிபட்டவரின் மண்டை ஓட்டுக்குள் சிறு இரத்தக்குழாய் அறுந்து விடுவதுண்டு. வெளிக்காயம் சிறிதாய் இருக்கும். அடிபட்டவர் எழுந்து நடப்பார், பேசவும் செய்வார். உள்ளே கசியும் இரத்தத்துக்கு வெளியேற வழியில்லை; எலும்பு விரிந்து கொடுக்காது. ஆகவே அது மூளையை அழுத்தத் தொடங்குகிறது. தலைவலி, வாந்தி, தடுமாறும் பேச்சு, தள்ளாடும் நடை, பின்னர் அடக்க முடியாத உறக்கம். இவ்வடையாளங்களில் எது குடித்தவனிடம் காணப்படாதது? இங்கேதான் ஆபத்து இருக்கிறது. நோய் குடிகாரனின் உடையை அணிந்து கொண்டு வருகிறது. மண்டையைத் திறவாமலே உள்ளே நடப்பதைப் படமாகக் காட்டும் கருவியால் முதல் நோயாளியை இலண்டனில் சோதித்தது 1971இல். அக்கருவியை உருவாக்கியதற்காக ஹவுன்ஸ்ஃபீல்டு, கார்மக் என்னும் இரு அறிஞர்களுக்கு மருத்துவ நோபல் பரிசு வழங்கப்பட்டது, ரௌத்தவாரா மறைந்த அதே 1979ஆம் ஆண்டில்தான்! ஆனால் கருவி இருந்தாலும் இல்லாவிட்டாலும், முதலில் ஒரு மனிதர் ஐயுற்றாக வேண்டும்: ‘இது குடியாய் இல்லாமலும் இருக்கலாமே’ என்று. அந்த ஓர் ஐயம் எழாத இடத்தில் எந்தக் கருவியும் பயன் தராது.

இதனைப் படித்தபோது நம் சாச்சாவின் நினைவு வந்தது. சர்க்கரை நோய் உள்ளவர். ஐந்து வேளைத் தொழுகையை விடாதவர். வாழ்நாளில் மதுவின் வாடையையும் அறியாதவர். ஒருநாள் வெளியூர்ப் பேருந்து நிலையம் ஒன்றில், மருந்து உட்கொண்டும் உணவு கொள்ளாததால் சர்க்கரை குறைந்து தள்ளாடி உட்கார்ந்து விட்டார். வியர்த்தது, வாய் குழறியது. கூட்டம் விலகிச் சென்றது. தாடியும் தொப்பியும் வைத்துக்கொண்டு குடித்திருக்கிறாரே என்று ஒருவர் சொன்னது அவர் காதிலும் விழுந்திருக்கிறது. மறுத்துச் சொல்ல நா எழவில்லை. இறுதியில் தேநீர்க்கடைக்காரர் ஒருவர் வந்து, கையைத் தொட்டுப் பார்த்து, “பெரியவரே, சர்க்கரை இருக்கா உங்களுக்கு?” என்று கேட்டாராம். தலையசைப்பே விடையாயிற்று. இனிப்புத் தேநீரை மெல்லப் புகட்டினார். கால் மணி நேரத்தில் சாச்சா எழுந்து உட்கார்ந்தார். அதன் பிறகு பல ஆண்டுகள் வாழ்ந்தார். தம் துஆக்களில் பெயர் தெரியாத அந்தத் தேநீர்க்கடைக்காரரை அவர் மறந்ததே இல்லை. அந்தக் கடைக்காரர் மருத்துவம் படித்தவர் அல்லர். அவரிடம் இருந்தது ஒரே ஒரு கேள்வி. அதைக் கேட்கும் அளவுக்கு அவர் குனிந்தார், அவ்வளவுதான்.

எண்ணங்களில் பெரும்பாலானவற்றைத் தவிர்க்குமாறு திருமறையின் ஹுஜுராத் அத்தியாயம் நம்மை எச்சரிக்கிறது. சில எண்ணங்கள் பாவமாகும் என்கிறது. துர்எண்ணம் என்பதை நாம் பெரும்பாலும் புறம் பேசுதலோடு சேர்த்தே நினைக்கிறோம். பிறர் மானத்துக்குத் தீங்கு விளைப்பது என்று மட்டுமே கருதுகிறோம். அது உயிரையும் பறிக்கும் என்பதை ரௌத்தவாராவின் முடிவு காட்டுகிறது.

இன்னும் ஓர் அடி மேலே செல்வோம். சரி, ஒருவர் உண்மையிலேயே குடித்திருக்கிறார் என்றே கொள்வோம். குடித்தவனுக்கு மண்டை உடையாதா? அவன் மூளையில் இரத்தம் கசியாதா? மது விலக்கப்பட்டது என்பதில் நமக்கு இரு கருத்து இல்லை. ஆயினும் அண்ணல் நபி (ஸல்) அவர்களின் காலத்து நிகழ்ச்சி ஒன்றை நினைத்துப் பார்க்க வேண்டும். அண்ணலாரைச் சிரிக்க வைக்கும் இயல்புடைய தோழர் ஒருவர், மது அருந்திய குற்றத்துக்காக மீண்டும் மீண்டும் கொண்டு வரப்பட்டார். தண்டனையும் பெற்றார். அங்கிருந்த ஒருவர் அவரைச் சபித்தபோது, சபிக்க வேண்டாம் என்று அண்ணலார் தடுத்தார்கள். அவர் அல்லாஹ்வையும் அவனுடைய தூதரையும் நேசிப்பவர் என்று சான்றும் பகர்ந்தார்கள். குற்றத்துக்குத் தண்டனை உண்டு; ஆனால் மனிதனைத் தூக்கி எறிவதற்கு அனுமதி இல்லை. இவ்விரண்டுக்கும் இடையிலுள்ள மெல்லிய கோட்டை அந்நிகழ்ச்சி எவ்வளவு தெளிவாக வரைந்து காட்டுகிறது!

ரௌத்தவாராவின் பாடல்கள் மறையவில்லை. அவரும் ஹெலிஸ்மாவும் சேர்ந்து நடந்த பாதையை ‘நாடோடியும் அன்னமும்’ என்ற பெயரில் 1999இல் திமோ கோய்வுசலோ திரைப்படமாக எடுத்தார். அவர் வளர்ந்த ஔலுன்கூலாவில் நினைவுச் சின்னம் எழுப்பியிருக்கின்றனர். கதிரொளியையும் பூதத்தையும் பற்றிய பாட்டைப் புதிய தலைமுறைப் பாடகர்கள் மீண்டும் மீண்டும் பாடி வருகின்றனர். 69.77 மீட்டர் என்ற அளவை அதன் பின்னர் வந்த வீரர்கள் பன்முறை கடந்துவிட்டனர். அதுவே இயல்பு; உடலின் சாதனைகள் கடக்கப்படுவதற்காகவே நிகழ்கின்றன. குரலின் அளவை யார் நாடா பிடித்து அளப்பது?

தொடக்கத்தில் எழுப்பிய வினாவுக்கு வருவோம். ஒரு நாட்டின் அன்பு முழுவதும் திரண்டிருந்தும் அந்த ஒரு நாளில் அது ஏன் அவருக்கு உதவவில்லை? நாம் கண்ட விடை இதுதான்: புகழ்பெற்ற மனிதருக்குக் கிடைக்கும் அன்பு அவருடைய பெயருக்குக் கிடைப்பது. பெயர் தெரியாத இடத்திலும், பெயர் பயன்படாத வேளையிலும் அது காக்காது. அங்கே காப்பது, பெயரற்ற மனிதருக்கு நாம் காட்டும் மரியாதை ஒன்றே. வழியில் கிடப்பவன் யார் என்று தெரிந்த பின்னர் குனிவதன்று, யாரென்று தெரியாமலே குனிவதுதான் அந்த மரியாதை. ரௌத்தவாரா தம் பாடல்களில் வழிப்போக்கனுக்கும் பூனைக்கும் இருட்டிலே நின்ற பூதத்துக்கும் காட்டியது அதுவே. அவருக்குத் தேவைப்பட்ட நாளில் அது கிட்டவில்லை.

இனி நம் கண்முன் ஒருவர் தள்ளாடினால், நம் நாவில் எழ வேண்டிய முதற்சொல் தீர்ப்பாக இராமல் கேள்வியாக இருக்கட்டும். உடம்புக்கு என்ன என்று கேட்போம். கையைத் தொட்டுப் பார்ப்போம். தலையில் அடிபட்டவராயின் உறங்கட்டும் என்று தனியே விடாமல் மருத்துவரிடம் சேர்ப்போம். அவர் பாடகரா, வீரரா, யாருமே இல்லாதவரா என்பதைப் பிறகு தெரிந்து கொள்ளலாம்.